நடுவர் இருக்கையில் தீவு மகளிர். நாவில் எவர் மொழி?

முதல் பெண் வழக்கறிஞர் இவர், முதல் பெண் நடுவர் இவர் என்று பட்டியல் எழுதி வைப்பது இக்கால் எல்லா நாடுகளிலும் வழக்கமாகி விட்டது. பெயரையும் ஆண்டையும் பொறித்து, பக்கத்தில் ஒரு படத்தையும் ஒட்டி விட்டால், பெண் விடுதலை வரலாற்றில் ஓர் இயல் முடிந்து விட்டதாகப் பலரும் எண்ணிக் கொள்கின்றனர். பட்டியலில் ஏறிய அம்மையார் எவர் இயற்றிய சட்டத்தைக் கையில் ஏந்தினார், எவர் இட்ட இருக்கையில் அமர்ந்தார், தம் முன் கூனிக் குறுகி நின்ற ஏழைப் பெண்ணிடம் எந்த மொழியில் பேசினார் என்று கேட்பார் இலர். தன்னைத் தானே ஆண்டு கொள்ளும் நாட்டில் இக்கேள்விகள் எழாமற் போவதில் வியப்பில்லை. கடல் கடந்து வந்த பிறர் ஆட்சிக்கு உட்பட்டுக் கிடக்கும் தீவுகளிலோ, இவற்றைக் கேளாமல் அப்பட்டியலைப் படிப்பவன் நெல்லை விட்டுவிட்டு உமியை அளந்து கொண்டிருப்பவனே ஆவான்.

நாம் இங்கு எடுத்துக் கொள்வன அமெரிக்க ஒன்றியத்தின் பிடியில் அகப்பட்ட தீவுகள். அவற்றுள்ளும் சிறப்பாகப் புவெர்த்தோ இரிக்கோ.

1898-இல் அமெரிக்கா இசுப்பானியாவோடு போரிட்டது. போர் முடிவில் கரிபியக் கடலில் உள்ள புவெர்த்தோ இரிக்கோவும், அமைதிப் பெருங்கடலில் உள்ள குவாமும் அதன் கைக்கு வந்தன. அதே ஆண்டில் அவாய்த் தீவுகளையும் அது தன்னோடு இணைத்துக் கொண்டது. 1917-இல் தென்மார்க்கு அரசுக்கு இரண்டரைக் கோடித் தாலர் கொடுத்துக் கன்னித் தீவுகள் எனப்படுவனவற்றை, ஆடு மாடு வாங்குவது போல் மக்களோடு சேர்த்து விலைக்கு வாங்கியது. அவ்விற்பனையைப் பற்றித் தென்மார்க்கில் பொது ஒப்போலை எடுத்தனர். விற்கப்பட்ட தீவினர்க்கு அதில் பங்கில்லை!

இவ்வாறு கைக்கு வந்த தீவுகள் அமெரிக்காவின் உறுப்புகளா, உடைமைகளா? இக்கேள்வி 1901-இல் அமெரிக்க உச்ச முறைமன்றத்தின் முன் வந்தது. வந்ததும் பழக்கூடைகளின் வழியாக. புவெர்த்தோ இரிக்கோவிலிருந்து நியூயார்க்குத் துறைமுகத்தில் இறங்கிய கிச்சிலிப் பழங்களுக்குச் சுங்கம் கேட்டனர். தீவு அமெரிக்காவோடு சேர்ந்து விட்ட பின்னும் வேற்று நாட்டுச் சரக்கிற்குரிய சுங்கத்தைக் கேட்பதென்ன முறை என்று வணிகர் வழக்குத் தொடுத்தார். ஐவர் ஒருபுறமும் நால்வர் மறுபுறமுமாகப் பிரிந்து நின்று நடுவர்கள் தந்த தீர்ப்பின் சாறம் இதுதான்: தீவு அமெரிக்காவுக்கு உரியது, ஆனால் அமெரிக்காவின் பகுதியன்று. அரசியல் சட்டம் அங்கு முழுமையாகச் செல்லாது; எந்த அளவிற்குச் செல்லும் என்பதைப் பேராயமும் முறைமன்றமும் முடிவு செய்யும். பழத்திற்குச் சொன்ன அத்தீர்ப்புதான் மாந்தர்க்கும் ஆயிற்று.

அதற்கு முந்திய ஆண்டிலேயே அமெரிக்கப் பேராயம் தீவிற்கென ஒரு சட்டம் செய்திருந்தது. ஆளுநரையும், தீவின் உச்ச முறைமன்ற நடுவர்களையும் அமெரிக்கக் குடியரசுத் தலைவரே அமர்த்துவார். மன்றங்கள் இருவகை. தீவின் சட்டப்படி வழக்குக் கேட்கும் தீவு மன்றங்கள் ஒருவகை. அமெரிக்கச் சட்டப்படி வழக்குக் கேட்கும் ஒன்றிய மன்றம் மற்றொரு வகை. ஒன்றிய மன்றத்தில் எழுத்தும் பேச்சும் யாவும் ஆங்கிலத்தில்தான் நடைபெற வேண்டும் என்று அச்சட்டத்திலேயே எழுதி வைத்தனர். நானூறு ஆண்டுகளாக இசுப்பானியம் பேசி வந்த ஒரு மக்களின் வாயை ஒரே வரியால் அடைத்தாயிற்று. 1917-இல் புதிய சட்டம் ஒன்று வந்தது. அது தீவினர்க்கு அமெரிக்கக் குடிமையை வழங்கியது. போர்க்களத்திற்கு ஆள் சேர்க்கவும் அது வழி வகுத்தது. ஒன்றிய மன்றத்தின் ஆங்கில வரி மட்டும் அப்படியே நின்றது.

அந்த 1917-ஆம் ஆண்டிலேதான் எர்மினியா தோர்மெசு கார்சியா என்னும் அம்மையார் அத்தீவின் முதல் பெண் வழக்கறிஞராக வெளி வந்தார். தீவின் பல்கலைக் கழகத்தில் சட்டக் கல்லூரி தொடங்கி அப்பொழுது நான்கே ஆண்டுகள் ஆகியிருந்தன.

அடுத்த ஆண்டில் தீவு ஒரு கொடுமையைக் கண்டது. முதல் உலகப் போருக்கெனப் படைவீரர்களைத் திரட்டிப் பயிற்றிய காலம் அது. படைவீரர்க்கு நோய் பரவுகின்றது என்று சொல்லிப் பரத்தமைக் குற்றம் சாட்டி ஏழைப் பெண்களைப் பெருந்தொகையாகப் பிடித்துச் சிறையில் தள்ளினர். தெருவில் தனியே நடந்ததே சிலருக்குக் குற்றமாயிற்று. நோயைக் கொடுத்த ஆடவன் ஒருவனையேனும் எவரும் தேடிச் சென்றாரில்லை. கேட்பாரற்றுக் கிடந்த அப்பெண்களின் சார்பில் நின்றவர்களுள் தோர்மெசு அம்மையாரும் ஒருவர். ஒரு பெண் சட்டம் கற்றதனால் விளைந்த பயன் எது என்று கேட்பார்க்கு இதைக் காட்டலாம். தம் கதையைத் தம் வாயால் சொல்ல அப்பெண்களுக்குத் தெரிந்த மொழி ஒன்றே. அம்மொழியிலேயே அதைக் கேட்டு எழுதிக் கொள்ளத் தெரிந்த வழக்கறிஞர், அதிலும் ஒரு பெண், கிடைத்ததை எளிய செய்தியாகக் கருத முடியாது.

1926-இல் தோர்மெசு அம்மையார் நகர மன்ற நடுவராக அமர்ந்தார். புவெர்த்தோ இரிக்கோவின் முதல் பெண் நடுவர் என்னும் பெருமை அவரைச் சார்ந்தது. பட்டியல் எழுதுவோர் இவ்விடத்தில் முற்றுப்புள்ளி வைத்து விட்டு அடுத்த பெயருக்குப் போய்விடுவர். நாம் சற்றே நின்று பார்ப்போம். அந்த 1926-இல் அவ்வம்மையாருக்கு ஒப்போலை இடும் உரிமை இல்லை!

குற்றஞ் செய்தானா இல்லையா என்று ஓர் ஆடவனைப் பற்றித் தீர்ப்புச் சொல்லலாம், ஒறுப்பு விதிக்கலாம், சிறைக்கு அனுப்பலாம். அவன் வெளியே வந்ததும் தேர்தலில் ஒப்போலை இடுவான். அவனை ஒறுத்த நடுவர் வீட்டில் அமர்ந்திருக்க வேண்டும். தம் பெயரைக் கூட எழுதத் தெரியாத ஆடவனுக்கும் இருந்த உரிமை, சட்டம் முழுவதும் கற்ற அம்மையாருக்கு இல்லை. இதைவிடப் பெரிய நகைப்பு உண்டா?

அமெரிக்கப் பெண்டிர்க்கு 1920-இல் ஒப்போலை கிடைத்து விட்டதே, தீவுப் பெண்டிர்க்கு ஏன் கிடைக்கவில்லை? தொழிலாளர் இயக்கத்தைச் சார்ந்த எனாரா பகான் என்னும் பெண் இதே கேள்வியோடுதான் அவ்வாண்டில் தம் பெயரைப் பதியச் சென்றார். அரசினர் மறுத்தனர். வாசிங்டனைக் கேட்டனர்; அவ்வுரிமை தீவிற்குத் தானாகச் செல்லாது என்று விடை வந்தது. கிச்சிலிப் பழத் தீர்ப்பின் தோல் இங்கும் கிடப்பதைக் காண்க. 1924-இல் மகளிர் சிலர் தீவின் உச்ச முறைமன்றத்தையே அணுகினர். ஒப்போலை எவர்க்கு என்பது தீவின் சட்டமன்றம் முடிவு செய்ய வேண்டியது என்று கூறி மன்றம் கை விரித்தது. 1929-இல்தான் சட்டமன்றம் இசைந்தது. அதுவும் எழுதப் படிக்கத் தெரிந்த பெண்டிர்க்கு மட்டும். 1932-இல் அவர்கள் முதன்முதலாக ஒப்போலை இட்டனர். உழைக்கும் பெண், வயலிலும் புகையிலைப் பட்டறையிலும் கிடந்து கைந்நாட்டு வைத்தவள், 1935 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

ஆகவே தோர்மெசு அம்மையார் நடுவரானதை நாம் குறைத்துப் பேசவில்லை. பெண் ஒருத்திக்கு இருக்கையைக் கொடுத்துவிட்டு மண்ணை மட்டும் கொடாமல் வைத்திருக்க ஆள்வோர்க்குத் தெரியும் என்பதையே சொல்ல வருகின்றோம். அவாய்த் தீவுகளில் இதன் மறுபக்கத்தைக் காணலாம். அங்கு மன்னராட்சி நடந்த காலத்திலேயே, 1888-இல், அல்மேதா இச்சுகாக்கு என்னும் பெண் வழக்கறிஞராகி விட்டார். அமெரிக்காவில் மிச்சிகன் பல்கலைக் கழகத்தில் சட்டம் பயின்று திரும்பியவர்; அவர் தந்தையாரும் ஈலோ நகரில் வழக்கறிஞர்; குடியேறிய வெள்ளையர் குடும்பம். ஐந்தே ஆண்டுகளில், 1893-இல், குடியேறியவர்கள் அவாய் அரசியின் ஆட்சியைக் கவிழ்த்தனர். 1896-இல் பள்ளிகளில் ஆங்கிலமே பயிற்று மொழி என்று சட்டம் செய்தனர். இரண்டு தலைமுறைக்குள் அவாய்க் குழந்தைகள் பாட்டியோடு பேச முடியாதவராயினர். 'உலகிலேயே மிக முன்னதாகப் பெண்ணை வழக்கறிஞராக்கிய தீவுகளுள் ஒன்று' என்னும் பெருமை ஒருபுறம் இருக்கட்டும். அப்பெருமை எந்த அவாய்ப் பெண்ணின் நாவைக் காத்தது?

கன்னித் தீவுகளில் 1971-இல்தான் முதல் பெண் நடுவர் அமர்ந்தார். அத்தீவுகளுள் ஒன்றிலேயே பிறந்த எய்லீன் பீட்டர்சன் அம்மையார் அவர். விலைக்கு வாங்கப்பட்ட 54-ஆம் ஆண்டு அது.

மீண்டும் புவெர்த்தோ இரிக்கோவுக்கே வருவோம். நம் உள்ளத்திற்கு மிக நெருங்கிய பெண்மணி அங்குதான் இருக்கின்றார். எந்த 'முதல் நடுவர்' பட்டியலிலும் அவர் பெயர் வாராது; ஏனெனில் அவர் நடுவர் இருக்கையில் அமர்ந்தவரே அல்லர். நிலிதா வியந்தோசு கசுத்தோன் என்பது அவர் பெயர். 1903-இல் தீவின் வடமேற்கில் உள்ள சான் செபாசுத்தியான் என்னும் ஊரில் பிறந்தார். சட்டம் பயின்று தீவரசின் சட்டத்துறையில் வழக்கறிஞராகச் சேர்ந்தார். அத்துறையில் வழக்கறிஞராகப் பணியேற்ற முதல் பெண் அவரே. புவெர்த்தோ இரிக்கோ விடுதலை பெற வேண்டும் என்னும் கொள்கையை அவர் மறைத்ததில்லை.

அலுவலகம் ஒருபுறம், மொழியும் இலக்கியமும் மறுபுறம். 1876-இல் நிறுவப் பெற்ற 'அதெனியோ' என்னும் புகழ் வாய்ந்த பண்பாட்டுக் கழகத்திற்குத் தலைமையேற்ற முதல் பெண்ணும் அவரே. 1961 வரை அப்பொறுப்பைச் சுமந்தார். 1945-இல் 'அசோமந்தே' என்னும் இலக்கிய இதழைத் தொடங்கினார். அவ்விதழின் பெயர் பற்றிப் பூசல் எழுந்து அது தம் கையை விட்டுப் போனதும் சோர்ந்து விடவில்லை. 1970-இல் வேறோர் இதழ் கண்டு அதற்குப் 'பெயரிலி' என்றே பொருள்படப் பெயரிட்டார்! இதழ் நடத்திப் பட்டறிவு உள்ளவர்க்கே அப்பெயரின் உறைப்புத் தெரியும்.

மொழிப்பற்று உடையாரைப் பிறமொழிப் பகைவர் என்று தூற்றுவது எங்கும் உள்ள வழக்கம். நிலிதா அம்மையாரோ ஆங்கில இலக்கியத்தில் ஆழ்ந்தவர். என்றி சேம்சு என்னும் ஆங்கிலப் புதின ஆசிரியரைத் தம் மக்களுக்கு அறிமுகப் படுத்தி இசுப்பானியத்தில் ஒரு நூலே எழுதினார். படிக்க வேண்டிய மொழி வேறு, ஆள வேண்டிய மொழி வேறு என்னும் தெளிவு அவருக்கு இருந்தது. அத்தெளிவு இல்லாதவரே இரண்டையும் போட்டுக் குழப்புவர்.

தீவின் மொழிநிலையைச் சிறிது சொல்ல வேண்டும். 1902-இல் இயற்றப் பெற்ற சட்டம் ஒன்று, அரசு அலுவலகங்களிலும் மன்றங்களிலும் ஆங்கிலம், இசுப்பானியம் இரண்டையும் வேறுபாடின்றிப் பயன்படுத்தலாம் என்றது. பார்ப்பதற்கு நடுநிலை போலத் தோன்றும். யானையும் ஆட்டுக்குட்டியும் ஒரே தொட்டியில் நீர் குடிக்கலாம் என்று ஆணையிடுவது போன்ற நடுநிலை அது. பள்ளிகளில் பல்லாண்டுகள் ஆங்கிலமே பயிற்று மொழியாக இருந்தது. தீவினர் தம் ஆளுநரைத் தாமே தேர்ந்தெடுக்கத் தொடங்கியது 1948-இல். அடுத்த ஆண்டே, 1949-இல், மரியானோ வில்லாரோங்கா என்னும் கல்வித் தலைவர் இசுப்பானியத்தைப் பயிற்று மொழியாக்கினார். ஆளும் உரிமையில் ஒரு சிறு துண்டு கைக்கு வந்ததும் முதற் செயலாகத் தாய்மொழியைப் பள்ளிக்குள் அழைத்து வந்தனர் என்பதைக் கருத வேண்டும்.

பள்ளியில் மீண்ட மொழி, மன்றத்தில் மீள இன்னும் 16 ஆண்டுகள் சென்றன. குற்ற வழக்கொன்றில் எதிர்தரப்பு வழக்கறிஞர்கள், விசாரணையை ஆங்கிலத்தில் நடத்த வேண்டும் என்று கேட்டனர். கீழ்மன்றம் அதற்கு இசைந்தது. 1902-ஆம் ஆண்டுச் சட்டம் கையில் இருக்கின்றதே! தீவரசு அதை எதிர்த்து உச்ச முறைமன்றம் சென்றது. சட்டத்துறையின் சார்பில் அவ்வழக்கில் நின்றவர் நிலிதா அம்மையார்.

1965-இல் தீர்ப்பு வந்தது. புவெர்த்தோ இரிக்கோ மக்கள் எண்ணுவதும் பேசுவதும் இசுப்பானியத்தில். அது நடைமுறை உண்மை. எந்தச் சட்டத்தாலும் அவ்வுண்மையை மாற்ற இயலாது. ஆகவே தீவின் மன்றங்களுடைய மொழி இசுப்பானியமே என்பது தீர்ப்பின் கருத்து. இசுப்பானியம் அறியாதவன் குற்றவாளிக் கூண்டில் நின்றால் அவனுக்கு மொழிபெயர்ப்பாளரைக் கொடுக்க வேண்டும். அவனுக்காக மன்றம் தன் நாவை மாற்றிக் கொள்ள வேண்டுவதில்லை. ஆங்கிலம் போய்விட்டால் சட்டமே போய்விடும் என்று நம்மிடையே நடுங்குகின்ற வழக்கறிஞர் பெருமக்கள் இத்தீர்ப்பை ஒருமுறை படித்துப் பார்க்கலாம். அறுபது ஆண்டுகள் ஆகி விட்டன; அங்குச் சட்டம் எங்கும் ஓடிப் போய் விடவில்லை.

ஒன்றை மறைக்க வேண்டுவதில்லை. இசுப்பானியமும் அத்தீவிற்குக் கப்பலேறி வந்த மொழியே. அம்மண்ணின் முதற்குடிகளாகிய தைனோ மக்கள் தம் தீவை 'போரிக்கென்' என்று அழைத்தனர். அவர்தம் மொழி, வந்தேறிகளின் வாளுக்கும் நோய்க்கும் இரையாகி அழிந்தது. சில சொற்களே எஞ்சின. ஒரு மொழி அழிந்த இடத்தில் வேறொரு மொழி நானூறு ஆண்டுகள் வேரூன்றித் தாயின் வாயிலிருந்து குழந்தையின் செவிக்குச் சென்று அம்மக்களின் தாய்மொழியே ஆகிவிட்டது. இரண்டாம் முறையும் அவ்வேரைப் பிடுங்க வந்தவனைத்தான் அம்மக்கள் தடுத்தனர். முன்னொரு முறை இழந்தவர் பிறகும் இழக்கக் கடவர் என்று எந்த அறநூலும் சொல்லவில்லை.

நிலிதா அம்மையார் 1989-இல் மறைந்தார். 1991-இல் தீவின் ஒரே ஆட்சிமொழி இசுப்பானியம் என்று சட்டம் வந்தது. 1993-இல் கட்சி மாறியது, ஆட்சி மாறியது. ஆங்கிலமும் திரும்ப வந்து ஒட்டிக் கொண்டது. அரசியலார் எழுதிய சட்டம் இரண்டாண்டில் கவிழ்ந்தது. அம்மையார் வழக்காடிப் பெற்ற தீர்ப்பின் வழியே தீவு மன்றங்கள் இன்றும் இசுப்பானியத்தில் நடக்கின்றன. இதனாலேயே, இருக்கையில் முதலில் அமர்ந்தவரை விட, இருக்கையின் முன் நின்று மன்றத்தின் மொழியை மீட்டவர் பெரியவர் என்பது நம் கருத்து. மாற்றுக் கருத்துடையார் இருக்கலாம்.

அவ்வாறு மீட்கப் பட்ட மன்றத்திலேதான் பின்வந்த மகளிர் அமர்ந்தனர். 1985-இல் மிரியம் நவெய்ரா அம்மையார் தீவின் உச்ச முறைமன்றத்தில் இடம் பெற்ற முதல் பெண்ணானார். 2003-இல் தலைமை நடுவருமானார். அவரை அவ்விருக்கையில் அமர்த்திய ஆளுநர் சீலா கால்தெரோனும் பெண்ணே; தீவின் முதற் பெண் ஆளுநர். 70 அகவையில் ஓய்வு பெற வேண்டும் என்னும் நெறிப்படி நவெய்ரா அம்மையார் 2004-இல் விலகினார். 2014-இல் இலியானா பியோல் மாத்தா, 2016-இல் மைத்தே ஓரோனோசு எனத் தலைமை நடுவர் இருக்கைக்குப் பெண்கள் தொடர்ந்து வந்தனர். இவர்கள் தீர்ப்பு எழுதிய மொழி இசுப்பானியம். வழக்காடி தோற்றவனும் தான் எதனால் தோற்றோம் என்பதைத் தானே படித்துத் தெரிந்து கொள்ளலாம். இதைப் பெரிய பேறு என்று சொல்ல வேண்டிய நிலையில் உலகில் பல மக்கள் இன்னும் இருக்கின்றனர்.

இனி, அதே சான் உவான் நகரில் உள்ள மற்றொரு மன்றத்துள் நுழைவோம். ஒன்றிய மன்றம் அது. 1900-ஆம் ஆண்டு வரி அங்கே இன்றும் உயிரோடு இருக்கின்றது. 1980-இல் கார்மென் கொன்சுவேலோ செரேசோ அம்மையார் அம்மன்றத்தின் முதல் பெண் நடுவரானார். 1993 முதல் 1999 வரை அதன் தலைமை நடுவராகவும் விளங்கினார். தீவில் பிறந்த பெண். அவர் தாய்மொழி இசுப்பானியம். வழக்குரைக்க வருபவர் பெரும்பாலோர்க்கும் அதுவே. கூண்டில் நிற்பவனுக்கும் அதுவே. சான்று சொல்ல வந்த கிழவிக்கும் அதுவே. ஆனால் எல்லாரும் ஆங்கிலத்திலேயே பேச வேண்டும்! கிழவி இசுப்பானியத்தில் சொல்வதை மொழிபெயர்ப்பாளர் ஆங்கிலத்தில் சொல்வார். அவர் சொன்னதே மன்றத்தின் ஏட்டில் ஏறும். கிழவி தன் வாயால் சொன்னது ஏறாது. கூண்டில் நிற்பவன் தன் தலைவிதி பேசப்படுவதைக் காதில் மாட்டிய கருவியின் வழியாகக் கேட்டுக் கொண்டிருப்பான்.

குற்ற வழக்குகளில் பொதுமக்களிலிருந்து பன்னிருவரைத் தெரிந்தெடுத்து ஆயத்தாராக அமர்த்துவர். குற்றமா இல்லையா என்பதை முடிவு செய்வோர் அவர்களே. ஒன்றிய மன்றத்தில் ஆயத்தாராக அமர ஆங்கிலம் படிக்கவும் எழுதவும் பேசவும் தெரிந்திருக்க வேண்டும். தீவு மக்களுள் பெரும்பாலோர்க்கு அந்த அளவு ஆங்கிலம் தெரியாது. எனவே கூலிக்காரனைப் பற்றி முடிவு செய்ய மற்றொரு கூலிக்காரன் வர முடியாது. 1936-இல் விடுதலை இயக்கத் தலைவர் பேத்ரோ அல்பிசு கம்போசு இதே ஒன்றிய மன்றத்தில் நிறுத்தப் பட்டபோது நடந்தது உலகறிந்த செய்தி. முதல் ஆயத்தில் தீவினர் எழுவர் இருந்தனர், முடிவு எட்டப்படவில்லை. இரண்டாவது ஆயத்தில் அமெரிக்கர் பதின்மரும் தீவினர் இருவரும் இருந்தனர். குற்றவாளி என்று முடிவாயிற்று.

இன்னும் ஒன்று. ஒன்றிய மன்றத்தின் தீர்ப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்ய வேண்டுமானால் கடல் கடந்து பாசுடன் நகரத்து மன்றத்திற்குச் செல்ல வேண்டும். அங்கு இசுப்பானியத் தாள் எதையும் மொழிபெயர்ப்பின்றிப் பார்க்க மாட்டார்கள். தீவின் உச்ச முறைமன்றத் தீர்ப்பாயினும் அதே நிலைதான். நவெய்ரா அம்மையார் தம் மொழியில் எழுதிய தீர்ப்பை மேற்கோளாகக் காட்ட விரும்பும் வழக்கறிஞர், முதலில் அதை ஆங்கிலத்தில் பெயர்த்துக் கொண்டு போக வேண்டும்! ஒரே தீவில் இரண்டு பெண் நடுவர்கள். ஒருவர் எழுதியதை மற்றொருவர் தாய்மொழியில் படித்து உணர்வார். ஆயினும் சட்டத்தின் கண்ணில் அது ஆங்கில உடை உடுத்திக் கொண்டு வரும் வரை இல்லாத பொருள்.

செரேசோ அம்மையாரைக் குறை கூறிப் பயனில்லை. அவர் அவ்வரியை எழுதியவர் அல்லர். அழிக்கும் உரிமையும் அவர்க்கில்லை. மண்ணின் மகள் இருக்கையில் அமர்ந்தாலும் கையில் உள்ள சட்டம் பிறனுடையதாயின் என்ன நேரும் என்பதற்குக் குவாம் தீவு இன்னும் கூர்மையான சான்று. அங்குச் சமோரோ இனத்துப் பெண்மணியாகிய பிரான்சிசு தைதிங்கோ கேட்வுடு 2006-இல் ஒன்றிய மன்ற நடுவரானார். தீவின் எதிர்கால அரசியல் நிலை பற்றித் தீவின் பூர்வ குடியினர் மட்டும் ஒப்போலை இட்டுத் தம் விருப்பத்தைத் தெரிவிக்கலாம் என்று குவாம் ஒரு சட்டம் செய்திருந்தது. அது செல்லாது என்று 2017-இல் அம்மையார் தீர்ப்பளிக்க வேண்டியதாயிற்று. ஒப்போலையில் இன வேறுபாடு கூடாது என்பது, அடிமைப்பட்ட கறுப்பின மக்களின் உரிமையைக் காக்க அமெரிக்க அரசியல் சட்டத்தில் சேர்க்கப் பெற்ற பிரிவு. அதே பிரிவு, அடக்கப்பட்ட ஒரு சிறு தீவின் மக்கள் தம் விருப்பத்தைச் சொல்லவிடாமல் தடுக்கும் கருவியாயிற்று. 2019-இல் மேல்மன்றமும் அத்தீர்ப்பை ஏற்றுக் கொண்டது.

இவ்வாறிருக்க, அமெரிக்க உச்ச முறைமன்றத்திலேயே 2009-இல் ஒரு புவெர்த்தோ இரிக்கோவினர் வீட்டு மகள் அமர்ந்தார். சோனியா சோத்தோமயோர் பிறந்தது நியூயார்க்கில். தாய் தந்தை இருவரும் தீவிலிருந்து பிழைக்கச் சென்றவர்கள். தந்தைக்கு ஆங்கிலம் பேச வாராது. அவர் மறையும் வரை வீட்டில் ஒலித்தது இசுப்பானியமே. அவர் முன் 2022-இல் ஒரு வழக்கு வந்தது. ஏழ்மையும் உடற்குறையும் உள்ளவர்க்கு அமெரிக்க அரசு திங்கள்தோறும் உதவித் தொகை வழங்குகின்றது. நியூயார்க்கில் அதைப் பெற்று வந்த ஒருவர் புவெர்த்தோ இரிக்கோவிற்குக் குடி பெயர்ந்தார். அமெரிக்கக் குடிமகனாகவே இருந்தார். அமெரிக்கக் கொடி பறக்கும் மண்ணிலேயே இருந்தார். ஆயினும், தீவிற்கு வந்த பின் பெற்ற தொகை செல்லாது என்று கூறி 28,000 தாலருக்கு மேல் திருப்பிக் கேட்டது அரசு.

எண்மர் அரசு செய்தது சரி என்றனர். அவர்களுள் ஒருவர், 1901-ஆம் ஆண்டுத் தீர்ப்புகள் அழுகிய அடிப்படையில் நிற்பவை. அவற்றைத் தள்ள வேண்டும் என்று தனியே எழுதினார். எழுதிவிட்டு எண்மரோடேயே நின்றார். தீவில் குடியிருப்பதனாலேயே ஏழை ஒருவனுக்கு உதவியை மறுப்பது முறையன்று என்று எதிர்த்துத் தீர்ப்பு எழுதியவர் சோத்தோமயோர் அம்மையார் ஒருவரே. தீவில் வாழும் 32 இலக்கம் மக்களுக்கு அமெரிக்கக் குடியரசுத் தலைவரைத் தேர்ந்தெடுக்க இன்றும் ஒப்போலை இல்லை. பேராயத்தில் அவர்கள் சார்பில் அமர்ந்திருக்கும் ஒரே பேராளருக்கும், சட்டம் நிறைவேறும் பொழுது ஒப்போலை இல்லை. கிச்சிலிப் பழ வழக்கின் தீர்ப்பும் இன்று வரை தள்ளப்படவில்லை.